கானா நாட்டுக் கோக்கோவும் குடியானவனும்

புதிதாகச் சுதந்திரம் பெற்ற நாடுகளின் இடர்ப்பாடுகளைப் பற்றி எழுதுவோர் மூலதனம், அந்நியச் செலாவணி, அபிவிருத்தித் திட்டம் என்று பெரிய சொற்களைக் கையாளுவர். அச்சொற்கள் யாவும் இறுதியில் குடியானவனின் மூட்டை தராசில் ஏறும் இடத்திற்கே வந்து சேருகின்றன. இதனை விளக்க, மேற்கு ஆப்பிரிக்காவிலுள்ள கானா நாட்டின் வரலாற்றைக் காட்டிலும் தக்க சான்று நாம் அறிந்தவற்றுள் இல்லை.

கோல்டு கோஸ்ட் என்ற பெயரில் ஆங்கிலேயர் ஆட்சியில் இருந்த அந்நாட்டில், கோக்கோப் பயிர் பரவத் தொடங்கியது பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில்தான். 1911ஆம் ஆண்டிற்குள் கோக்கோ ஏற்றுமதியில் உலகில் முதலிடம் கிடைத்துவிட்டது. இதனைச் சாதித்தவர்கள் பெருந்தோட்ட முதலாளிகள் அல்லர். சிறு நிலமுடைய குடியானவர்களே. 1937இல் ஐரோப்பியக் கம்பெனிகள் தமக்குள் போட்டியின்றி வாங்குவதென்று உடன்படிக்கை செய்துகொண்டபோது, அவர்கள் பல மாதங்கள் கோக்கோவை விற்க மறுத்து உறுதியாக நின்றனர்.

1947இல் ஏற்றுமதி முழுவதும் அரசாங்க விற்பனை வாரியம் ஒன்றின் வசம் வந்தது. விலை ஏறிய ஆண்டில் ஒரு பகுதியை ஒதுக்கி வைத்து, விலை இறங்கிய ஆண்டில் அதைக் கொண்டு குடியானவனைத் தாங்குவது என்பது கொள்கை. நம் சங்கங்களின் ஒதுக்கு நிதியை அறிந்தோர் இதில் குறை காணமாட்டார். ஆயின் அந்த நிதி யாருடையது என்னும் கேள்விதான் பின்னர் நாட்டையே பிளந்தது. 1954இல் லண்டன் சந்தையில் டன் விலை 400 பவுனைத் தாண்டியது. அரசாங்கமோ 60 ராத்தல் சுமைக்கு 72 ஷில்லிங் என்று நிர்ணயித்தது. கணக்கிட்டுப் பார்த்தால் டன்னுக்கு ஏறத்தாழ 134 பவுன்! அஷாந்திப் பகுதியின் குமாசி நகரில் அவ்வாண்டே ஓர் எதிர்க்கட்சி தோன்றியதில் வியப்பில்லை.

அரசாங்கத்தின் பக்கமும் நியாயம் இருந்தது. 1957இல் சுதந்திரம் பெற்ற அந்நாட்டிற்குப் பள்ளிக்கூடங்கள், துறைமுகம், வோல்ட்டா நதியில் அணைக்கட்டு என எல்லாம் வேண்டியிருந்தன. வரி வசூலிக்கத்தக்க பெரும் பொருள் கோக்கோ ஒன்றே. எந்தப் பொருளிலிருந்து நாட்டைக் கட்டவேண்டுமோ, அப்பொருளை விளைவிப்பவனையே வருத்தவேண்டிய நிலை.

நிற்க. கூட்டுறவாளர்கள் ஊன்றிக் கவனிக்கத்தக்க விஷயம் 1961இல் நிகழ்ந்தது. அதுவரை கோக்கோக் கொள்முதலில் கணிசமான பங்கைச் சுயேச்சையான கூட்டுறவுச் சங்கங்கள் பெற்றிருந்தன. அவ்வாண்டு அவற்றை விலக்கி, ஆளுங்கட்சியைச் சார்ந்த விவசாயிகள் கவுன்சிலுக்குக் கொள்முதல் உரிமை முழுவதும் அளிக்கப்பட்டது. அதன் பெயரிலும் 'கூட்டுறவு' என்னும் சொல் இருந்தது! சங்கங்களின் சொத்துக்களும் அதன் கைக்கு மாறின. 1966க்குப் பின் நடந்த விசாரணையில், எடையில் மோசம் செய்தனர் என்று குடியானவர்கள் ஊர்தோறும் முறையிட்டனர். போட்டிக்கு வேறு தராசு இல்லாத ஊரில், எடை குறைகிறதென்று அறிந்தாலும் மூட்டையைத் தூக்கிக்கொண்டு எங்கே செல்வது? ஆண்டுதோறும் கணக்குப் புத்தகங்களைப் புரட்டும் தொழில் நம்முடையது. உறுப்பினர் தேர்ந்தெடுக்காத நிர்வாகத்தின் கணக்கு எவ்வளவு சுத்தமாகத் தோன்றினாலும் நமக்கு நம்பிக்கை பிறப்பதில்லை.

இதற்கிடையே உலகச் சந்தையும் கைவிட்டது. கோக்கோ மரம் காய்ப்புக்கு வரச் சில ஆண்டுகளாகும். விலை ஏறிய காலத்தில் பல நாடுகளிலும் நட்ட மரங்கள் ஏறத்தாழ ஒரே சமயத்தில் காய்க்கத் தொடங்கின. 1964-65இல் கானாவின் விளைச்சல் மட்டும் 5½ லட்சம் டன். 1965இல் விலை டன்னுக்கு 100 பவுனுக்கும் கீழே சரிந்தது. தாங்கவேண்டிய ஒதுக்கு நிதியோ முன்னரே கரைந்துபோயிருந்தது. 1966 பிப்ரவரி 24ஆம் நாள், ஜனாதிபதி இன்க்ருமா வெளிநாட்டில் இருக்கையில், இராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியது. கோக்கோ விலை ஒன்றே காரணமென்று நாம் சொல்லவரவில்லை. கஜானா நிறைந்திருந்தால் அவ்வளவு எளிதில் நடந்திருக்குமா என்பது ஐயமே.

பின் வந்த அரசாங்கங்களும் குடியானவனுக்குப் போதிய விலை தரவில்லை. மரங்களைப் பராமரிப்பார் குறைந்தனர். மூட்டைகள் எல்லை கடந்து ஐவரி கோஸ்ட் நாட்டிற்குக் கள்ளத்தனமாகச் சென்றன. 1983இன் வறட்சியும் காட்டுத்தீயும் சேர்ந்து, 1983-84இல் விளைச்சல் 1.6 லட்சம் டன்னாகச் சுருங்கியது. பத்தாண்டுகளுக்குப் பின், கொள்முதலில் மீண்டும் பலருக்கு இடமளிக்கப்பட்டபோது, 1993இல் 'குவாப்பா கோக்கோ' என்னும் விவசாயிகளின் அமைப்பு பிறந்தது. அதில் மூட்டையை எடை போடுபவரை அவ்வூர் உறுப்பினர்களே தேர்ந்தெடுக்கிறார்கள்.

2022 டிசம்பரில் கானா தன் அயல்நாட்டுக் கடன்கள் பெரும்பாலானவற்றைச் செலுத்துவதை நிறுத்திவைத்தது. 2024இல் உலகச் சந்தையில் கோக்கோ டன்னுக்கு 10,000 டாலரைத் தாண்டியபோதும் பயன் முழுமையாகக் கிட்டவில்லை. வாரியம் விளைச்சலில் பெரும்பகுதியைக் குறைந்த விலைக்கு முன்கூட்டியே விற்றிருந்தது. மூட்டைகள் மறுபடியும் எல்லை கடந்தன. அவ்வாண்டு செப்டம்பரில் 64 கிலோ மூட்டைக்கு 3,000 சேடி என்று குடியானவனின் விலையை அரசாங்கம் உயர்த்தியது.