அன்பின் அளவியல்

அன்பு என்பது, ஒருவர் உறும் நோவை மற்றவர் உணர்ந்து, அதைக் குறைக்கும் வகையில் செயலாற்றும் திறம். இல்வாழ்க்கையில் இத்திறம் இருவகைப்படும்: நோவுற்றவரின் பணியைத் தாமே ஏற்றுச் செய்வது ஒன்று, அவர் அப்பணியைச் செய்வதற்கு உள்ள தடையை நீக்குவது மற்றொன்று. முன்னது அவ்வேளையோடு நிறைவுறும். பின்னது கருவியாகத் திரண்டு, முன்பின் அறியாதார் கைகளையும் சென்றடையும். பொருளாக்கத்துள் அன்பு புகும் வாயில் இதுவே.

1980களின் இறுதியில், அமெரிக்கத் தொழில்முனைவர் சாம் ஃபார்பரும் அவர் மனைவி பெட்சியும் பிரான்சின் தென்பகுதியில் தங்கியிருந்தனர். மூட்டழற்சியால் கை நொந்த பெட்சிக்கு, மெல்லிய மாழைப் பிடி கொண்ட தோல்சீவியைக் கையாளுதல் அரிதாயிற்று. இரங்கிய கணவர் மனைவிக்காகப் புதுக்கருவி கண்டார் என்றே பலரும் எழுதுவர்; அக்கூற்று குறையுடையது. பெட்சி கட்டடக்கலை பயின்றவர். அவ்வெண்ணம் தம்முடையது என்பதைப் பின்னாளில் அவரே தெளிவுறுத்தினார். தம் கையின் நோவை அவரைவிட நுட்பமாக அறிந்த ஆய்வாளர் வேறெவர்? அவ்வறிவுக்குச் செவிசாய்த்து, அதைத் தொழிலாக வளர்த்ததையே கணவரின் அன்பென நான் போற்றுவேன்.

இனி, நோவின் இயற்பியலைக் காண்போம். சீவும்பொழுது பிடியானது கைக்குள் சுழல முற்படுகிறது. அச்சுழற்சியைத் தடுக்கும் முறுக்கமானது பற்றும் விசை, உராய்வுக் கெழு, பிடியின் ஆரை ஆகிய மூன்றின் பெருக்கத்தால் அமையும். ஆகவே, ஆரை இருமடங்கானால், அதே முறுக்கத்திற்குப் பாதி விசையே போதும். விரல்மூட்டின் சுமையும் அதற்கேற்பக் குறையும். மேலும், விசை அகன்ற பரப்பில் பரவுவதால், தோலின் ஓரிடத்து அழுத்தமும் தணியும். ஆனால் பருமனுக்கும் எல்லையுண்டு: விரல்கள் வளைந்து சூழ இயலாத அளவுக்குப் பிடி தடித்தால், கையின் பற்றாற்றலே தளர்ந்துவிடும். ஈரமோ உராய்வைக் குறைத்து, மீண்டும் இறுகப் பற்றுமாறு கையை வருத்தும். சமையலறைக் கை ஈரமின்றி இருப்பது எப்போது?

இச்சிக்கல்களுக்கு, ஃபார்பர் நாடிய நியூயார்க்கின் ஸ்மார்ட் டிசைன் என்னும் வடிவமைப்பு நிறுவனத்தார் விடை கண்டனர். பிடி கைக்குள் உருளாதவாறு, அதன் குறுக்குவெட்டை நீள்வட்டமாக்கினர். ஈரத்திலும் வழுக்காத சாண்டோபிரீன் என்னும் மீள்மத்தைத் தேர்ந்தனர். நெகிழியும் தொய்வமாகிய ரப்பரும் இணைந்த அப்பொருள் மென்மையும் உறுதியும் ஒருங்கே உடையது. விரல் படியும் இடத்தில், மீன்செவுள் போன்ற மெல்லிய இதழ்களை வகுத்தனர்.

1990இல் ஆக்சோ குட் கிரிப்ஸ் என்னும் பெயரில் 15 கருவிகள் வெளிவந்தன. மலிவான சீவிகளைவிட விலை மிகுந்திருந்தும், மூட்டுநோவு இல்லாதாரும் அவற்றை விரும்பி வாங்கினர். அவை நோயாளர்க்கென ஒதுக்கப்பட்ட கருவிகளாக அன்றி, எல்லார்க்கும் உரியனவாகவே விற்கப்பட்டன. அதனால், மூட்டழற்சி உடையவர் தம் நோயைக் கடைக்காரரிடம் சொல்லிக் கேட்டு வாங்கவேண்டிய நிலை எழவில்லை.