தொழிற்சாலையின் நான்கு காவலர்கள்



உங்கள் வீட்டுப் பிரஷர் குக்கரின் மூடியை ஒரு முறை கவனித்துப் பாருங்கள். நடுவில் ஆவி வெளியேறும் குழாயும், அதன்மேல் வெயிட்டும் இருக்கும். சற்றுத் தள்ளிச் சிறிய பொத்தான் போன்ற சேப்டி வால்வு ஒன்றும் இருக்கும். ஆவி செல்லும் துளை அடைத்துக்கொண்டால் உள்ளே அழுத்தமும் வெப்பநிலையும் எல்லை மீறும். அப்போது சேப்டி வால்வில் உள்ள உலோகம் உருகி, ஆவிக்கு வழிவிடும்.

இவ்விரண்டுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. வெயிட் நாள்தோறும் வேலை செய்கிறது. அது சரியாக இல்லாவிட்டால் அன்றே தெரிந்துவிடும். சேப்டி வால்வோ ஆண்டுக்கணக்கில் சும்மா இருக்கிறது. அது பழுதாகியிருந்தாலும் சோறு வழக்கம்போல் வெந்துகொண்டுதான் இருக்கும்!

ஒரு தொழில் நிறுவனத்தில் பாதுகாப்பு, உடல்நலம், சுற்றுச்சூழல் ஆகியவற்றைக் கவனித்துக்கொள்ளும் பொறுப்பு ஏன் கடினமானது என்பதை இந்த வேறுபாடே விளக்கிவிடும். உற்பத்தியில் குறை நேர்ந்தால் மறுநாளே கணக்கில் தெரியும். பாதுகாப்பில் குறை நேர்ந்தால் எதுவுமே தெரியாது, அந்த ஒரு நாள் வரும்வரை.

மத்தியப் பிரதேசத்தின் தலைநகரான போபாலில் அந்த நாள் 1984ஆம் ஆண்டு டிசம்பர் 2ஆம் தேதி இரவு வந்தது.

தொட்டியில் என்ன நடந்தது?

அமெரிக்க யூனியன் கார்பைடு நிறுவனம் பெரும்பான்மைப் பங்கு வைத்திருந்த யூனியன் கார்பைடு இந்தியா நிறுவனத்தின் ஆலை போபாலில் இருந்தது. அங்கே செவின் என்னும் பூச்சிமருந்து தயாராயிற்று. அதைத் தயாரிக்கும் வழியில் இடைப்பொருளாக வருவது மெதில் ஐசோசயனேட் என்னும் கொடிய நச்சுத் திரவம். இதன் கொதிநிலை சுமார் 39° செல்சியஸ்தான். நம் ஊர்க் கோடையின் நண்பகல் வெயிலே இதைக் கொதிக்கவைக்கப் போதும். நீருடன் சேர்ந்தால் இது வினைபுரிந்து வெப்பத்தையும் கரியமில வாயுவையும் வெளிவிடும். ஆகவே இதைக் குளிர்ச்சியாகவும் நீர் படாமலும் வைத்திருக்க வேண்டும்.

அந்த இரவில் 610 என்ற எண்ணுள்ள தொட்டியில் இந்தத் திரவம் சுமார் 42 டன் இருந்தது. அதற்குள் நீர் புகுந்தது. நீர் எவ்வாறு புகுந்தது என்பதில் நிறுவனத்துக்கும் மற்றவர்களுக்கும் இடையே கருத்து வேறுபாடு உண்டு. நீர் புகுந்தபின் நடந்ததில் ஐயமில்லை. இரவு 10.20 மணியளவில் சதுர அங்குலத்துக்கு 2 பவுண்டாக இருந்த அழுத்தம், 11 மணிக்கு 10 பவுண்டாயிற்று. நள்ளிரவு கடந்து சிறிது நேரத்தில் 30 பவுண்டு. பிறகு அழுத்தமானியின் முள் 55 என்னும் கடைசிக் கோட்டையும் தாண்டிவிட்டது. தொட்டியின் உள்ளே வெப்பநிலை 200° செல்சியஸையும் கடந்திருக்கும் என்று பின்னர் ஆராய்ந்தவர்கள் கணித்தனர். சுமார் இரண்டு மணி நேரத்தில் ஏறத்தாழ 40 டன் நச்சுப்பொருள் வெளியேறிவிட்டது.

காற்றின் சராசரி மூலக்கூறு எடை 29. மெதில் ஐசோசயனேட்டின் மூலக்கூறு எடை 57. எனவே அதன் ஆவி காற்றைப் போல் ஏறத்தாழ இருமடங்கு அடர்த்தி உடையது. அது மேலெழுந்து கலையாமல் தரையை ஒட்டிப் படர்ந்தது. ஆலையை அடுத்திருந்த குடிசைகளில் மக்கள் உறங்கிக்கொண்டிருந்தனர். மாநில அரசு பின்னர் உறுதிசெய்த இறப்புகள் 3,787. பிற கணிப்புகள் இதைவிட மிக அதிகம். 2006ஆம் ஆண்டு அரசு அளித்த கணக்கின்படி பாதிக்கப்பட்டோர் 5,58,125 பேர்.

வெப்பம் கைமீறுவது எப்படி?

இங்கே சற்று இயற்பியல் பார்ப்போம். வெப்பநிலை 10° உயரும்போது வேதிவினையின் வேகம் பெரும்பாலும் ஏறத்தாழ இருமடங்காகும் என்பது ஒரு தோராய விதி. வெப்பம் பிறப்பதும் அதே கணக்கில் பெருகும். ஆனால் தொட்டியின் சுவர் வழியே வெளியேறும் வெப்பமோ, உள்ளேயும் வெளியேயும் உள்ள வெப்பநிலை வேறுபாட்டைப் பொறுத்து நேர்விகிதத்தில் மட்டுமே கூடும்.

ஒரு கணக்குப் போடுவோம். இவை விளக்கத்துக்கான எண்கள் மட்டுமே, போபால் தொட்டியில் அளந்தவை அல்ல. சுற்றுப்புற வெப்பநிலை 10° என்க. தொட்டி 20°இல் இருக்கும்போது பிறக்கும் வெப்பம் 1 பங்கு, வெளியேறுவதும் 1 பங்கு. 30°இல் பிறப்பது 2, வெளியேறுவது 2. இதுவரை கவலையில்லை. 40°இல் பிறப்பது 4, வெளியேறுவது 3. மிச்சமுள்ள 1 பங்கு தொட்டியை மேலும் சூடாக்கும். 50°இல் பிறப்பது 8, வெளியேறுவது 4. 60°இல் பிறப்பது 16, வெளியேறுவது 5. இனி அதைப் பிடிக்க முடியாது!

இந்தக் கணக்கிலிருந்து பெறும் பாடம் என்ன? தொடக்கத்தில் செய்யும் சிறிய குளிரூட்டல், பின்னர் செய்யும் பெரிய முயற்சியைவிட மதிப்புடையது. ஆபத்து நேர்ந்தபின் ஓடிச்சென்று தடுப்பதைவிட, நேருமுன் ஒழுங்காக இருப்பதே எளிது.

காவலர்கள் எங்கே போயினர்?

இது தெரியாமல் அந்த ஆலை கட்டப்படவில்லை. அதற்கு நான்கு காவலர்கள் இருந்தனர்.

முதற்காவலர், தொட்டியை ஏறத்தாழ 0°இல் வைத்திருக்க வேண்டிய குளிரூட்டும் பொறி. அது 1984ஆம் ஆண்டின் நடுப்பகுதியிலேயே நிறுத்தப்பட்டு, அதிலிருந்த குளிர்திரவமும் வேறு பயனுக்கு எடுக்கப்பட்டிருந்தது. இரண்டாமவர், வெளியேறும் ஆவியை எரிசோடாக் கரைசலில் கழுவி நஞ்சை நீக்கும் கோபுரம். அது இயங்காமல் காத்திருப்பு நிலையில் இருந்தது. முழுமையாக இயங்கியிருந்தாலும் அவ்வளவு ஆவியை அதனால் சமாளித்திருக்க முடியாது. மூன்றாமவர், மிஞ்சிய ஆவியை எரித்துவிடும் எரிகோபுரம். அதற்குச் செல்லும் குழாயில் ஒரு துண்டு பழுதுபார்ப்பதற்காகக் கழற்றப்பட்டிருந்தது. நான்காமவர், நீரைப் பீய்ச்சி ஆவியை அமுக்கும் நீர்த்திரை. ஆவி வெளியேறிய குழாயின் வாய் சுமார் 33 மீட்டர் உயரத்தில் இருந்தது. பீய்ச்சிய நீர் அதில் பாதி உயரத்தைக்கூட எட்டவில்லை.

நான்கு காவலர்களும் ஒரே இரவில் கைவிட்டது தற்செயலா? நிகழ்தகவுக் கணக்கைக் கொண்டு பார்ப்போம். ஒவ்வொரு காவலரும் பத்து முறையில் ஒரு முறை தவறுவார் என்று வைத்துக்கொள்வோம். நால்வரும் ஒருசேரத் தவறுவதற்கான வாய்ப்பு 10 × 10 × 10 × 10, அதாவது 10,000இல் ஒன்று. கேட்க ஆறுதலாக இருக்கிறது. ஆனால் இந்தப் பெருக்கல் ஒரு நிபந்தனைக்கு உட்பட்டது. ஒருவர் தவறுவதற்கும் மற்றவர் தவறுவதற்கும் தொடர்பு இருக்கக் கூடாது. இரண்டு நாணயங்களைத் தனித்தனியே சுண்டினால்தான் பெருக்கலாம். இரண்டையும் ஒட்டிவைத்துச் சுண்டினால் பெருக்க முடியுமா?

போபால் ஆலை நட்டத்தில் நடந்துகொண்டிருந்தது. செலவைக் குறைப்பதே நோக்கமாயிற்று. அந்தப் பிரிவில் வேலை பார்ப்பவர்களின் எண்ணிக்கை ஏறத்தாழப் பாதியாகக் குறைக்கப்பட்டிருந்தது. பராமரிப்பும் குறைந்தது. இப்படி ஒரே காரணம் எல்லாக் காவலர்களையும் ஒருங்கே தளரச் செய்துவிட்டது. நாணயங்கள் ஒட்டிக்கொண்டன. அப்புறம் 10,000இல் ஒன்று என்ற கணக்குக்குப் பொருளே இல்லை.

பொறுப்பு என்பது என்ன?

ஒரு நிறுவனத்தின் பொறுப்புகளை அவற்றின் கால அளவைக்கொண்டு பிரித்துப் புரிந்துகொள்ளலாம். பாதுகாப்பு என்பது நொடிகளிலும் நிமிடங்களிலும் நேரும் விபத்தைத் தடுப்பது. உடல்நலம் என்பது தூசி, இரைச்சல், நச்சாவி ஆகியவற்றால் தொழிலாளிக்கு ஆண்டுக்கணக்கில் ஏற்படும் தீங்கைத் தடுப்பது. சுற்றுச்சூழல் பொறுப்பு ஆலையின் மதிலைத் தாண்டி நீருக்கும் மண்ணுக்கும் காற்றுக்கும் நீள்கிறது. நீடித்த பயன்பாடு என்பது அடுத்த தலைமுறைக்கும் இவை எஞ்சியிருக்கும்படி தொழில் நடத்துவது. போபாலில் நான்கும் ஒன்றாகத் தவறின. ஆலையில் விட்டுச் சென்ற நச்சுக் கழிவில் 337 டன், விபத்து நடந்து 40 ஆண்டுகள் கழிந்தபின், 2025 ஜனவரியில்தான் பீதம்பூருக்குக் கொண்டுசெல்லப்பட்டு, அந்த ஆண்டில் எரிக்கப்பட்டது.

இவற்றை முறையாகக் கவனிப்பது எப்படி? முதலாவது, ஆபத்தைப் பிறப்பிடத்திலேயே குறைத்தல். மெதில் ஐசோசயனேட் விற்பனைப் பொருள் அன்று, வெறும் இடைப்பொருள். 42 டன்னைச் சேர்த்துவைப்பதற்குப் பதிலாக, உண்டாக உண்டாகவே பயன்படுத்தினால் கசிவதற்கு அதிகம் இராது. இதே பூச்சிமருந்தை மெதில் ஐசோசயனேட் இல்லாமலே தயாரிக்கும் வேதிமுறையும் உண்டு.

இரண்டாவது, ஒவ்வொரு காவலருக்கும் ஓர் ஆள் பொறுப்பேற்றல். 'எல்லாருடைய பொறுப்பு' என்று விட்டால் அது யாருடைய பொறுப்பும் ஆகாது. எந்தக் கருவி, யார் சோதிப்பது, கடைசியாக எப்போது சோதித்தது என்பது எழுத்தில் இருக்க வேண்டும். சும்மா இருக்கும் கருவியைப் பேசவைக்க இதைவிட்டால் வேறு வழியில்லை.

மூன்றாவது, பணி அனுமதிச் சீட்டு. ஒரு கருவியைக் கழற்றினால் அது அடுத்த ஷிப்டுக்கு வருபவருக்கும் கட்டாயம் தெரிய வேண்டும். போபாலில் எரிகோபுரக் குழாய் கழற்றிக் கிடந்ததைப் பார்த்தோம். இதேபோல் கழற்றிய ஒரு வால்வு வட கடலில் இருந்த பைப்பர் ஆல்பா எண்ணெய் மேடையை 1988 ஜூலை 6இல் அழித்தது. பழுதுபார்க்க ஒரு பம்பின் பாதுகாப்பு வால்வைக் கழற்றியிருந்தனர். அச்செய்தி இரவு ஷிப்டினரை எட்டவில்லை. அவர்கள் பம்பை ஓட்டினர். வெடிப்பிலும் தீயிலும் 167 பேர் இறந்தனர்.

நான்காவது, உற்பத்தியை நிறுத்தும் அதிகாரம். பாதுகாப்பு அதிகாரி உற்பத்தி மேலாளரின் கீழ் இருந்தால், 'நிறுத்துங்கள்' என்று அவர் எப்படிச் சொல்வார்? அவர் சொல் நேரே தலைமைக்குச் செல்ல வேண்டும்.

சுற்றுச்சூழல் மேலாண்மைக்கு 1996இல் ஐ.எஸ்.ஓ. 14001 என்ற பன்னாட்டுத் தரமும், தொழிலாளர் நலத்துக்கும் பாதுகாப்புக்கும் 2018இல் ஐ.எஸ்.ஓ. 45001 என்ற தரமும் வந்தன. இவற்றின் சாரம் நான்கு சொற்கள்: திட்டமிடு, செய், சரிபார், திருத்து. இஸ்திரிப் பெட்டியின் தெர்மோஸ்டாட்டும் சூட்டை உணர்ந்து, எல்லையோடு ஒப்பிட்டு, மின்சாரத்தை நிறுத்துகிறது அல்லவா? அதே தத்துவம்தான். உணரும் பகுதி பழுதானால் தெர்மோஸ்டாட் பயனற்றது. அதுபோலவே சரிபார்க்கும் வேலை பொய்யானால், சுவரில் சட்டம் போட்டு மாட்டிய சான்றிதழால் பயனில்லை.

மதிலுக்கு வெளியே இருப்பவர்கள்

ராஜ்குமார் கேஸ்வானி என்ற போபால் பத்திரிகையாளர், அந்த ஆலையால் ஊருக்கு ஆபத்து என்று 1982 முதலே எழுதிவந்தார். கேட்பார் இல்லை. விபத்து நடந்த இரவில் ஊர்மக்களை எச்சரிக்கும் சங்கு சிறிது நேரம் ஒலித்து நிறுத்தப்பட்டது. மீண்டும் அது முழங்கியபோது காலம் கடந்துவிட்டது. ஈரத்துணியால் முகத்தை மூடிக்கொண்டு, காற்று வீசும் திசைக்குக் குறுக்காக விலகிச் செல்லுங்கள் என்ற எளிய அறிவுரை ஓரளவு காத்திருக்கும். அதை அவர்களுக்கு முன்கூட்டிச் சொல்லிவைத்தவர் யாருமில்லை.

இதன் பின்னரே நம் நாட்டில் 1986இல் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1987இல் தொழிற்சாலைகள் சட்டம் திருத்தப்பட்டு, ஆபத்தான ஆலைகள் தங்கள் பொருள்களின் அபாயத்தைத் தொழிலாளருக்கும் அக்கம்பக்கத்தாருக்கும் தெரிவிக்க வேண்டும் என்ற விதி சேர்ந்தது. 2010 ஜூனில் போபால் நீதிமன்றம், இந்திய நிறுவனத்தின் முன்னாள் அதிகாரிகள் கவனக்குறைவால் மரணம் விளைவித்த குற்றவாளிகள் எனத் தீர்ப்பளித்தது. கருவி பழுது என்று சொல்லி மனிதர் ஒதுங்கிவிட முடியாது என்பதே அதன் பொருள்.

நீங்களே சோதித்துப் பாருங்கள்

உங்கள் பள்ளியிலும் இத்தகைய காவலர்கள் உண்டு. ஆசிரியரின் அனுமதி பெற்று, இரண்டு மூன்று பேர் சேர்ந்து ஒரு பட்டியல் தயாரியுங்கள். ஆய்வகத்தில் தீயணைப்புக் கருவியும் மணல் வாளியும் எங்கே இருக்கின்றன? கருவியின் அழுத்தமானி முள் எந்த நிறத்தில் நிற்கிறது? வாளியில் இருப்பது மணலா, குப்பையா? முதலுதவிப் பெட்டியின் சாவி யாரிடம்? எரிவாயுவை மூடும் வால்வு எது? ஒவ்வொன்றுக்கும் எதிரே மூன்று கட்டங்கள் போடுங்கள்: பொறுப்பாளர் பெயர், கடைசியாகச் சோதித்த நாள், அடுத்துச் சோதிக்க வேண்டிய நாள்.

பெயர்க் கட்டம் வெற்றாக இருக்கும் இடத்தில்தான் காவலர் உறங்குகிறார். அதை நிரப்புமாறு தலைமை ஆசிரியரிடம் கேளுங்கள். நாளை உங்களில் சிலர் தொழிற்சாலைகளை நடத்துவீர்கள், சிலர் அவற்றில் வேலை செய்வீர்கள், பலர் அவற்றின் அருகே குடியிருப்பீர்கள். எங்கிருந்தாலும், 'இதற்குப் பொறுப்பு யார்? கடைசியாக எப்போது சோதித்தீர்கள்?' என்று கேட்கத் தயங்காதீர்கள்.