திராட்சையும் விண்மீனும்: கம்பம் பள்ளத்தாக்கிற்கு ஒரு பயணத் திட்டம்

கோயிலில் வழிபாட்டுச் சீட்டு எழுதுமிடத்தில் "பேரும் நாளும் சொல்லுங்கள்" என்று கேட்பது இந்நாட்டு வழக்கம். ஆதலின் திருப்புறத்தில் வளரும் நம் பிள்ளைகள், பேச்சுப் பழகும் பருவத்திலேயே தம் நட்சத்திரத்தின் பெயரையும் பழகிவிடுகின்றனர். சென்ற மாதம் எங்கள் இளைய மகன் சீட்டெழுதுபவரிடம் "கார்த்திகை" என்று சொல்லிவிட்டு, வீடு திரும்பியதும், "அது எங்கே இருக்கிறது?" என்று கேட்டான். முற்றத்திற்கு அழைத்துச் சென்றோம். தலைக்கு மேல் தென்னையோலை, பக்கத்தில் தெருவிளக்கு, மேற்கே கடற்பக்கத்து மங்கல். காட்ட இயலவில்லை. உண்மையைச் சொன்னால், வானம் தெளிந்திருந்தாலும் காட்டியிருக்க மாட்டோம்; எங்களுக்கே தெரியாது.

வீட்டில் அது தெரிந்தவர் ஒருவரே, எங்கள் அன்னையார். அம்பாசமுத்திரம் பக்கத்துச் சிற்றூரில் பிறந்து, இளமையில் தம் தந்தையாருடன் நெற்களத்தில் காவலிருந்து, மீன் பார்த்துச் சாமம் அறிந்தவர். இன்று அவருக்கு வயது எழுபதை நெருங்குகிறது. வலக்கண்ணில் புரை படரத் தொடங்கியிருக்கிறது. பாட்டி அறிந்ததைப் பேரன் அறிய வேண்டுமாயின், இருண்ட வானமுள்ள ஓரிடத்திற்கு இருவரையும் காலத்தோடு அழைத்துச் செல்லவேண்டும் என்று தோன்றிற்று. அதிலிருந்து பிறந்ததே இத்திட்டம். நம்மைப்போல் விடுமுறையும் பணமும் அளவோடு பெற்ற குடும்பங்களுக்குப் பயன்படலாம் என்று இங்கே தருகிறோம்.

தென்னமெரிக்காவின் சிலி நாட்டில் எல்கி என்றொரு பள்ளத்தாக்கு உண்டு. கீழே திராட்சைத் தோட்டங்கள். மேலே மலைமுகடுகளில் உலகப் புகழ்பெற்ற வானாய்வு நிலையங்கள். பகலில் பழமும் மதுவும், இரவில் விண்மீனும் நாடிப் பல நாட்டார் அங்கே செல்கின்றனர். அவ்வளவு தூரம் நமக்கு எட்டாது. எனினும் ஓரிரவு ரயில் பயணத்தில் எட்டக்கூடிய திராட்சைப் பள்ளத்தாக்கு நமக்கும் உண்டு. அதுவே தேனி மாவட்டத்துக் கம்பம் பள்ளத்தாக்கு.

மேற்கே மேற்குத் தொடர்ச்சி மலை, கிழக்கே மேகமலை. இரண்டிற்கும் நடுவே சின்னமனூர், உத்தமபாளையம், கம்பம், கூடலூர் ஆகிய ஊர்கள். இம்மண்ணின் வளத்திற்கு முல்லைப்பெரியாறே காரணம். 1895ஆம் ஆண்டில் பென்னிகுவிக் என்னும் பொறியாளரின் முயற்சியால் அணை முடிந்தது. அரபிக்கடல் நோக்கி ஓடிய ஆற்றுநீரின் ஒரு பகுதி மலையைக் குடைந்த சுரங்கவழியே கிழக்கே திரும்பிற்று. மலையாள நாட்டுக் காட்டில் பெய்யும் மழை தமிழ்நாட்டுக் கொடியில் பழமாகிறது. இரு நாட்டு எல்லையில் வாழும் நமக்கு இதனை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

இங்கு விளையும் பன்னீர்த் திராட்சை கருநீல நிறமும் நறுமணமும் உடையது. 1832ஆம் ஆண்டில் பிரெஞ்சுப் பாதிரியார் ஒருவர் இதனைத் தமிழ்நாட்டிற்குக் கொணர்ந்தார் என்பது வழங்கிவரும் செய்தி. 2023ஆம் ஆண்டில் இதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. பிற இடங்களில் திராட்சைக்கு ஒரு பருவமே உண்டு. இங்கோ தோட்டத்திற்குத் தோட்டம் வேறு வேறு காலத்தில் கவாத்துச் செய்வதால், ஆண்டு முழுதும் ஏதேனும் ஒரு பந்தலில் பழம் இருக்கும். ஆகவே பயண நாளைத் திராட்சைக்காக நாம் தேடவேண்டியதில்லை, வானத்திற்காகவே தேடவேண்டும்.

நிலவொளியில் சிறு மீன்கள் மறையும். மழைக்காலத்தில் எல்லாமே மறையும். ஓண விடுமுறை மழையில் போய்விடும். கிறிஸ்துமஸ் விடுமுறையிலும் வடகிழக்குப் பருவமழையின் வால் நீளக்கூடும். எனவே தை அமாவாசையை ஒட்டிய வார இறுதியே தக்கது என்று கண்டோம். அந்நாளில் முன்னிரவிலேயே நாம் பெயரறிந்த மீன்கள் பலவும் வானில் நிற்கும்.

இனி வழி. திருவனந்தபுரம், நாகர்கோவில் இடையே 1979ஆம் ஆண்டில் திறந்த நம் பாதையில், புனலூரிலிருந்து மதுரைக்கு இரவு வண்டி ஒன்று செல்கிறது. வெள்ளி இரவு நெய்யாற்றின்கரையிலோ பாறசாலையிலோ ஏறினால், விடியுமுன் மதுரை. அங்கிருந்து காலையில் போடிநாயக்கனூர் வண்டி. 1928ஆம் ஆண்டில் திறந்த அப்பாதை, அகலப்பாதையாக்குவதற்காக 2010ஆம் ஆண்டின் இறுதியில் மூடப்பெற்று, 2022ஆம் ஆண்டில் தேனி வரையும் 2023ஆம் ஆண்டில் போடி வரையும் மீண்டும் இயங்கலாயிற்று. தேனியில் இறங்கினால் கம்பம் ஏறத்தாழ 40 கிலோமீட்டர். பேருந்துகள் நிறைய உண்டு. ஞாயிறு மாலை தேனியில் ஏறினால் மதுரையில் இரவு வண்டியைப் பிடித்துத் திங்கள் காலையில் வீடு சேரலாம். இரண்டிரவு வண்டியில், ஓரிரவே விடுதியில். வண்டி நேரங்கள் மாறுவன. புறப்படுமுன் நிலையத்தில் கேட்டு உறுதி செய்துகொள்க. முதியோருக்குக் கீழ்ப்படுக்கை வேண்டுமென முன்பதிவின்போதே குறிப்பிடுக.

சனி இரவே இப்பயணத்தின் உயிர். கம்பம் நகரிலும் விளக்குகள் மிகுதி. ஆதலின் ஊருக்கு வெளியே தோட்டப் பக்கமாக, திறந்த மாடியுள்ள விடுதியைத் தேடுவது நன்று. மேகமலையில் இருள் இன்னும் ஆழ்ந்தது. ஆயின் வனத்துறைச் சாவடியில் நேரக் கட்டுப்பாடு உண்டு, யானை நடமாட்டமும் உண்டு. குழந்தைகளோடும் முதியோரோடும் செல்வோர்க்குப் பள்ளத்தாக்கே போதும். தொலைநோக்கி வேண்டா. கண் இருளுக்குப் பழக இருபது நிமிடமாகும். அதுவரை கைபேசியைத் திறவாதிருத்தல் வேண்டும். கைவிளக்கிற்குச் சிவப்புத் தாள் சுற்றிக்கொள்க. கம்பளி ஒன்றும் கொண்டு செல்க.

எட்டு மணியளவில் உச்சியை அண்ணாந்தால், சிறு கொத்தாகத் தெரிவது கார்த்திகை. அதனருகே செந்நிறமாய் ஒளிர்வது ரோகிணி. கிழக்கே சற்று இறங்கினால் திருவாதிரை, அதுவும் செந்நிறமே. பத்து மணியளவில் நேர் தெற்கே, அடிவானத்திற்கும் உச்சிக்கும் இடையே மூன்றிலொரு பங்கு உயரத்தில் பேரொளியுடன் நிற்பது அகத்தியமீன். நம் நெய்யாறு பிறப்பது அகத்தியர் மலையில். அம்முனிவர் பெயரால் வழங்கும் மீனை நம் பிள்ளைகள் காணாதிருப்பது முறையன்று.

ஞாயிறன்று தோட்டம். கல்தூணும் கம்பியும் கொண்டு கட்டிய பந்தலின் கீழ்க் குலைகள் தொங்கும். கவாத்திலிருந்து அறுவடைக்கு ஏறத்தாழ நான்கு மாதம். பழுக்கும் வேளையில் மழை பெய்தால் பழம் வெடிக்கும், நோய் பரவும், விலை விழும். இதனைத் தோட்டக்காரர் வாயாலேயே பிள்ளைகள் கேட்கட்டும். அவர் இசைவின்றிப் பறித்தல் ஆகாது. மருந்து தெளித்திருப்பார்கள், கழுவியே உண்க. இத்திராட்சை ஒயினுக்கும் பயன்படுகிறது. ஆயினும் மாநில எல்லை கடந்து மது கொணர்வதற்குக் கலால் விதிகள் உண்டு. பழக்கூடையோடு திரும்புவதே நமக்குத் தகும். நேரமிருப்பின் சுருளி அருவியையும் கண்டு வரலாம்.

மேலும் ஒரு நாள் கிட்டுவோர் கொடைக்கானல் செல்லலாம். 1876ஆம் ஆண்டிலிருந்து வாட்டிய பெரும் பஞ்சத்திற்குப் பின், மழை பொய்ப்பதற்கும் கதிரவனுக்கும் தொடர்புண்டோ என ஆராயும் எண்ணம் வலுத்தது. அவ்வெண்ணத்தின் விளைவுகளில் ஒன்றே அங்குள்ள வானாய்வு நிலையம். 1901ஆம் ஆண்டு முதல் அங்கே கதிரவனை நோக்கி வருகின்றனர். வானத்தைப் பார்ப்பது வீண்பொழுதன்று, வயலைக் காக்கும் வழியுமாகும் என்பதற்கு அது சான்று.

இத்திட்டத்தை வீட்டில் படித்துக் காட்டியபோது, "மீன் பார்க்கவா ரயிலேற வேண்டும்? அந்தப் பணத்தில் அடுக்களை ஓட்டை மாற்றலாமே" என்றார் அன்னையார். சிறிது நேரங்கழித்து, "தை அமாவாசை என்றைக்கு வருகிறது?" என்று அவரே கேட்டார். பயணச்சீட்டு பதிந்துவிட்டோம். மேகம் மறைத்தால் அது நம் கையிலில்லை. அடுக்களை ஓடு அடுத்த மழைக்குள் மாற்றப்படும். அன்னையாரின் கண் அதுவரை காத்திருக்குமென்று சொல்வதற்கில்லை.