பழுது பார்ப்பது யார்?
அனாரஸின் சிக்கனம் குறித்து

கற்பனை உலகங்களைப் படைக்கிறவர்கள் பாலம் கட்டுகிறார்கள், கோபுரம் எழுப்புகிறார்கள், கோள்விட்டுக் கோள் கப்பல் ஓட்டுகிறார்கள். கட்டியது பழுதானால் யார் போய்ப் பார்ப்பது, அதற்கான சக்தி எங்கிருந்து வருவது என்ற கேள்வி மட்டும் அநேகப் பிரதிகளில் எழுவதேயில்லை. பராமரிப்பு கதையாடலுக்கு வெளியே, முகமில்லாத கைகளால் நடந்து முடிந்துவிடுகிறது. இந்த மௌனத்தை உடைக்கும் பிரதி உர்சுலா லெ க்வினின் 'தி டிஸ்பொஸஸ்ட்' (1974).

அனாரஸ் ஒரு வறண்ட கோள். ஓடோ என்ற பெண் சிந்தனையாளரைப் பின்பற்றிய அராஜகவாதிகள், செல்வம் கொழிக்கும் உர்ராஸிலிருந்து இங்கே வந்து குடியேறி ஏறத்தாழ 170 ஆண்டுகளாகின்றன. அரசு இல்லை, பணம் இல்லை. பொதுச் சமையல், பொதுச் சாப்பாட்டுக் கூடம், பொது உறைவிடம். வீட்டுக்கு வீடு அடுப்பெரிக்க வேண்டியதில்லை என்பதால் எரிபொருளும் மிச்சம், உழைப்பும் மிச்சம்.

இங்கே கவனிக்க வேண்டியது ஒன்றுண்டு. முக்கிய நகரமான அப்பெனேயில் மின்சாரத்துக்குப் பஞ்சம் கிடையாது. காற்றாலைகள் இருக்கின்றன, நிலத்தின் வெப்ப வேறுபாட்டிலிருந்து சக்தி எடுக்கும் இயந்திரங்களும் இருக்கின்றன. இருந்தும் வெப்பத்தையும் வெளிச்சத்தையும் எண்ணித்தான் செலவழிக்கிறார்கள். 'இருக்குதே, எரிச்சா என்ன?' என்று நாம் கேட்போம். தேவைக்கு மேற்பட்டதை உடல் வெளியேற்றும் கழிவாகவே ஓடோவின் சிந்தனை பார்க்கிறது. ஆகவே சிக்கனம் இங்கே வறுமையின் விளைவு மட்டுமல்ல. ஓர் அறவியல், ஓர் அழகியலும்கூட.

சரி, சாக்கடையை யார் அள்ளுவது? உர்ராஸ்காரர்கள் நாவலின் நாயகனான இயற்பியலாளன் ஷெவெக்கிடம் இதைத்தான் கேட்கிறார்கள். எல்லாரும்தான் என்பது அவன் பதில். பத்து நாளைக்கு ஒரு நாள் யாரையும் இத்தகைய வேலைக்குக் கூப்பிடலாம்; பட்டியல் சுழன்றுகொண்டே இருக்கும். பாதரசச் சுரங்கம் போன்ற ஆபத்தான இடங்களில் பொதுவாக ஆறு மாதத்துக்கு மேல் யாரையும் வைப்பதில்லை. இயற்பியலாளனும் மண் சுமக்கிறான். மண் சுமக்கிறவன் எதை வீணாக்கலாம், எதை வீணாக்கக்கூடாது என்பதை உடம்பால் அறிந்துகொள்கிறான். அனாரஸின் சிக்கன முறை இயந்திரத்தில் இல்லை, இந்தச் சுழற்சியில் இருக்கிறது என்பது என் வாசிப்பு.

இதற்கு நேர் எதிர்முனையில் இ.எம். ஃபார்ஸ்டரின் 'தி மெஷின் ஸ்டாப்ஸ்' (1909) கதையை வைக்கலாம். அங்கே பழுது பார்ப்பதற்கே தனிக் கருவி. இசை கெடுகிறது, குளியல் நீர் நாறுகிறது. மனிதர்கள் முதலில் புகார் செய்கிறார்கள், பிறகு பழகிக்கொள்கிறார்கள். கடைசியில் பழுது பார்க்கும் கருவியே பழுதாகிறபோது அதைச் சரிசெய்யத் தெரிந்தவர் யாருமில்லை.

அப்படியானால் அனாரஸ் சொர்க்கமா? இல்லை. பரவிக் கிடக்கும் சமூகங்களை இணைக்க ஒரு மையம் தேவைப்பட்டது. வேலைகளைப் பிரித்துக் கொடுக்கக் கணினிகள் தேவைப்பட்டன. மையம் இருக்குமிடத்தில் அதிகாரம் மெல்லக் குந்திக்கொள்கிறது. வறட்சி வந்தபோது உழைக்கிறவனுக்கு முழுப் பங்கு, நோயில் விழுந்தவனுக்கு அரைப் பங்கு. அரைப் பங்கு தின்றவன் எப்படித் தேறி எழுவான்? அந்தப் பட்டியலைப் போடும் வேலை தன் கைக்கு வந்தபோது ஷெவெக் அதை விட்டு வெளியேறுகிறான். பட்டியல் போட வேறொருவன் எப்போதும் கிடைப்பான் என்பதும் அவனுக்குத் தெரியும். உழைப்பைச் சுழற்றிய அதே பட்டியல்தான் பட்டினியையும் பங்கிடுகிறது. லெ க்வின் இந்தச் சிக்கலைத் தீர்த்து வைக்கவில்லை. அதுதான் நாவலின் நேர்மை.

நமக்கு இது வேற்றுக்கோள் சமாச்சாரம் அல்ல. மலம் அள்ள ஆள் வைப்பதைத் தடைசெய்து 1993இலும் 2013இலும் சட்டங்கள் வந்தன. அதற்குப் பிறகும் சாக்கடைக் குழிக்குள் மனிதர்கள் இறங்கிச் செத்திருக்கிறார்கள். அந்த வேலைக்கான பட்டியல் இங்கே சுழல்வதில்லை. சாதி அதைப் பிறப்பிலேயே எழுதி முடித்துவிடுகிறது. மாற்று உலகம் பற்றி எழுதுகிறவர்களிடமும் பேசுகிறவர்களிடமும், நம்மையும் சேர்த்துத்தான், முதலில் கேட்க வேண்டியது இதுதான்: உங்க ஊர்ல சாக்கடைய யாரு அள்ளுறாங்க? உங்க முறை எப்ப வருது?