டூப் இல்லாத நாயகன், பெயர் இல்லாத டூப்புகள்

பெயர்ப் பட்டியல் ஓட ஆரம்பித்ததும் செருப்பைத் தேடுகிற கூட்டம், அவர் படத்துக்கு மட்டும் உட்கார்ந்தே இருக்கும். பட்டியலோடு சேர்ந்து ஓடும் சொதப்பல் காட்சிகள்தான் பாதிப் பேருக்குப் படமே. குறி தப்பிய உதை, நழுவிய கை, ரத்தத்தை ஒற்றியெடுக்கும் பஞ்சு, ஸ்ட்ரெச்சர். தமிழ் டப்பிங்கில் அவரைப் பார்த்து வளர்ந்தவர்களுக்குப் பெயரைச் சொல்லாமலே ஆள் தெரியும்: ஜாக்கி சான்.

இந்த வழக்கம் ஹாங்காங்கில் பிறந்ததல்ல. 1981-ல் வந்த ‘கேனன்பால் ரன்’ என்ற ஹாலிவுட் கார்ப்பந்தயப் படத்தில் அவருக்கு ஒரு சின்ன வேடம். அதன் கடைசியில் நடிகர்கள் வசனத்தை மறந்துவிட்டுச் சிரிக்கிற துண்டுகளைச் சேர்த்திருந்தார்கள். அதைப் பிடித்துக்கொண்டார். அங்கே சிரிப்பு, இங்கே எலும்பு முறிவு. வலியை விளம்பரமாக்கும் வியாபாரம் இங்கேதான் சூடுபிடித்தது என்பது என் கட்சி.

1954-ல் பிறந்தவர். பெற்றோர் பிழைப்புக்காக ஆஸ்திரேலியா போக, பையன் பீக்கிங் ஓபரா சொல்லித்தரும் பள்ளியில் பத்து வருட ஒப்பந்தத்தில் விடப்பட்டான். விடியுமுன் எழ வேண்டும். தலைகீழாக நிற்க வேண்டும், பல்டி அடிக்க வேண்டும், வாளும் கம்பும் சுழற்றிக்கொண்டே பாடவும் வேண்டும். தளர்ந்தால் பிரம்பு. மேடையேறிச் சம்பாதித்தது பள்ளிக்கு. எழுத்துப் படிப்பு பேருக்குத்தான். 1988-ல் வந்த ‘பெயின்டட் ஃபேசஸ்’ அந்தப் பள்ளி வாழ்க்கையைத்தான் சொல்கிறது. அதில் கண்டிப்பான குருவாக நடித்தவரே அங்கே படித்து வந்த பழைய மாணவர்.

பயிற்சி முடிந்து வெளியே வந்தால், ஓபரா பார்க்க ஆள் இல்லை. சினிமாவுக்கோ விழத் தெரிந்த உடம்புகள் வேண்டியிருந்தன. 1972-ன் ‘ஃபிஸ்ட் ஆஃப் ஃபியூரி’ கடைசிச் சண்டையில் உதை வாங்கி வில்லன் பறப்பாரே, பறந்தது வில்லன் நடிகர் அல்ல, நம் ஆள். அடுத்த வருடம் ‘என்டர் தி டிராகன்’. அந்தப் படத்து நாயகனிடம் முடி சிக்கிக் கழுத்து முறிபடுகிற அடியாட்களில் ஒருவராக வந்து போகிறார். டூப் போடாத நாயகன் என்று உலகம் கொண்டாடியவருக்கு முதல் பிழைப்பு டூப் வேலைதான்.

நடுவில் வரிசையாகத் தோல்விகள், கான்பெராவில் கட்டட வேலை, 1978-ல் இரண்டு காமெடி குங்ஃபூ படங்களால் கிடைத்த மறுவாழ்வு. எல்லாம் தெரிந்த கதைதான்.

1985-ன் ‘போலீஸ் ஸ்டோரி’யில் கொஞ்சம் நிற்க வேண்டும். பல மாடி வணிக வளாகம். கீழே கண்ணாடிக் கூரை போட்ட ஒரு கடை. மேலிருந்து தொங்கும் கம்பம் நிறைய சீரியல் பல்புகள். அவர் தாவிப் பிடித்துச் சறுக்குகிறார், பல்புகள் வழியெல்லாம் வெடிக்கின்றன, கண்ணாடியை உடைத்துக்கொண்டு தரையில் விழுகிறார். எரிந்துகொண்டிருந்த பல்புகளின் சூட்டில் உள்ளங்கை வெந்துபோனது. முதுகிலும் அடி. அந்த ஒரே தாவலை வெவ்வேறு கோணத்தில் மூன்று முறை காட்டுகிறார்கள், பார்க்கிறவன் சந்தேகப்பட்டுவிடக் கூடாதல்லவா?

அதே படத்தின் தொடக்கத்தில் ஒரு மாடி பஸ் சடன் பிரேக் போட, அடியாட்கள் மேல்தளத்துக் கண்ணாடியைப் பிய்த்துக்கொண்டு வெளியே விழுகிறார்கள். முன்னால் நிற்கும் காரின் மேல் விழுவதாகத் திட்டம். பஸ் நின்ற இடம் பிசகியதில் விழுந்தது தார்ச்சாலையில். அந்த ஷாட்டை அப்படியே படத்தில் வைத்தார்கள். கம்பத்தில் சறுக்கியவர் பெயர் ஊருக்கே தெரியும். சாலையில் விழுந்தவர்கள் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்? அந்தப் படத்திலேயே கண்ணாடிகளைத் துளைத்துக்கொண்டு பைக்கில் பாய்வது நாயகன் இல்லை, வேறொரு ஸ்டண்ட் கலைஞர். ‘எல்லாம் அவரே செய்கிறார்’ என்ற விளம்பரத்தில் இந்த மனிதர் காணாமல் போகிறார்.

மறு வருடம் ‘ஆர்மர் ஆஃப் காட்’ படத்துக்காக யுகோஸ்லாவியாவில் சுவரிலிருந்து மரத்துக்குத் தாவும் காட்சி. முதல் டேக் சரியாகவே வந்தது. அவருக்குத் திருப்தியில்லை. மறுபடி தாவினார், கிளை முறிந்தது, தலை பாறையில் மோதியது. மண்டையோடு உடைந்து அவசர அறுவை சிகிச்சை, ஒரு காதில் கேட்கும் திறன் குறைந்ததுதான் மிச்சம். 1995-ல் வந்த ‘ரம்பிள் இன் தி பிராங்க்ஸ்’ படத்தை எடுக்கும்போது கணுக்கால் முறிந்தது. மாவுக்கட்டின் மேல் ஷூ மாதிரி வண்ணம் தீட்டிய உறையை மாட்டிக்கொண்டு மிச்சப் படத்தையும் முடித்தார். இதைச் சொல்லிச் சொல்லிச் சிலாகிக்கிறோம். வேறெந்த வேலையிலாவது முறிந்த காலோடு ஒருவரை வேலை வாங்கியிருந்தால் தொழிற்சங்கம் கொடி பிடித்திருக்கும்.

உயிரைப் பணயம் வைத்ததால்தான் அந்தச் சண்டைகளுக்கு இன்றைய கிராஃபிக்ஸ் படங்களில் இல்லாத கனம் வந்தது என்று ரசிகர்கள் சொல்வார்கள். இருக்கலாம். கவலை வேறு. தன் உடம்பைப் பணயம் வைக்க நாயகனுக்கு உரிமை உண்டு. படம் அவருடையது, புகழும் அவருடையது. அவர் சொன்னபடி செய்யாவிட்டால் அடுத்த படத்துக்குக் கூப்பிட மாட்டார்களோ என்ற பயத்தில் குதிக்கிறவனுக்கு என்ன உண்டு? நாயகன் ஆஸ்பத்திரியில் கிடந்தால் யூனிட் காத்திருக்கும். டூப் கிடந்தால் வேறு டூப் வருவார். அடிபட்ட காட்சியைப் பெருமையாகப் போட்டுக் காட்டுகிற படத்தில் ‘இது ஆபத்து, முடியாது’ என்று எந்தப் பையன் வாயைத் திறப்பான்?

2016-ல் அவருக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். மேடையில் தன் உடைந்த எலும்புகளையும் ஒரு கணக்காகச் சொன்னார், அரங்கம் சிரித்துக் கைதட்டியது. ஒப்பனைக்கும் உடைக்கும் எப்போதிருந்தோ விருது உண்டு. சண்டைக்குத் தனிப் பிரிவு வரும் என்று அறிவிக்க 2025 ஆனது. 2027-ல் வெளியாகும் படங்களுக்காக, 2028-ல் நடக்கும் நூறாவது விழாவில் முதல் சிலை கொடுப்பார்களாம். அதுவும் ஸ்டண்ட் வடிவமைப்புக்கு. வடிவமைத்தவர் மேடையேறுவார். பஸ்ஸிலிருந்து விழுகிறவருக்கு இன்னும் எதுவும் அறிவிக்கவில்லை.