அழுக்கையும் வரைய வேண்டும்

1987ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் ‘நாயகன்’ படத்துக்காகத் தோட்டா தரணி சிறந்த கலை இயக்குநர் ஆனார். தாராவியையே சென்னை வீனஸ் ஸ்டுடியோவுக்குள் எழுப்பியவர் அவர். அதே ஆண்டு சிறந்த தமிழ்ப் படமாகத் தேர்வானது பாலு மகேந்திராவின் ‘வீடு’. அதற்கு செட் போடவில்லை. சாலிகிராமத்தில் நிஜமாகவே ஒரு வீட்டைக் கட்ட ஆரம்பித்து, அதையே படமாக்கினார்.

பணமுள்ள படம் இடத்தைக் கட்டும், சின்னப் படம் தேடிப் பிடிக்கும். இடம் கிடைத்துவிட்டால் கலை இயக்குநருக்கு என்ன வேலை என்று கேட்பவர்கள் உண்டு. அசல் வேலையே அப்புறம்தான்.

ஸ்ரீபெரும்புதூரை ஒட்டிய பென்னலூரில், ஒப்பந்தத் தொழிலாளர் நால்வர் தங்கும் வாடகை அறைதான் கதைக்களம் என்று வைத்துக்கொள்வோம். சோம்பேறி என்றால் நான்கு பாய் விரித்து, சுவரில் நடிகர் படம் ஒட்டிவிட்டுப் போய்விடுவார். வேலை தெரிந்தவர் முதலில் ஷிஃப்ட்டை விசாரிப்பார். இருவருக்கு நைட் ஷிஃப்ட் என்றால் ஒருவர் எழுந்த பாயில் மற்றவர் படுப்பார். இரண்டு பாய் போதும். பகலில் தூங்க வேண்டுமே, ஜன்னலில் பழைய போர்வை தொங்கும். அது எவ்வளவு வெளிச்சத்தை விடும் என்று ஒளிப்பதிவாளரோடு உட்கார்ந்து பேச வேண்டும். பீரோ கிடையாது, டிராவல் பேக்தான். ஆணியில் யூனிஃபார்ம், வாசலில் சேஃப்டி ஷூ.

கடையிலிருந்து வந்த பொருள் கேமராவில் பளபளத்துக் காட்டிக்கொடுத்துவிடும். புது வாளியை உப்புத்தாளால் தேய்ப்பார்கள். காகிதத்தை டீ டிகாக்‌ஷனில் நனைத்துக் காயவைத்துப் பழுப்பாக்குவார்கள். தலை சாய்த்த சுவரில் எண்ணெய்ப் பிசுக்கு, ஸ்விட்சைச் சுற்றி விரல் கறை, இவற்றையும் தூரிகையால்தான் கொண்டுவர வேண்டும். அழகை வரைவதைவிட அழுக்கை வரைவது கஷ்டம் என்பது என் கட்சி.

காட்சிகள் வரிசையாக எடுக்கப்படுவதில்லை. அதனால் ஒவ்வொரு ஷாட்டுக்கும் போட்டோ எடுத்து வைப்பார்கள். கிழிக்கும் காலண்டரில் தேதி மாறினால் போச்சு.

சின்னப் படத்தில் பட்ஜெட் இடித்தால் முதலில் கை வைப்பது இந்தத் துறையில்தான். அதனால் பலர் விளம்பரப் படமும் செய்துதான் குடும்பம் நடத்துகிறார்கள்.

இந்த வேலையை எங்கே கற்பது? கலை இயக்குநர் சாபு சிரில் படித்தது சென்னை அரசு கவின் கலைக் கல்லூரியில். புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கென்றே தனிப் படிப்பு உண்டு. இரண்டும் வாய்க்காதவர்கள் ஒரு கலை இயக்குநரிடம் உதவியாளராகச் சேரலாம். ஆரம்பத்தில் ஆணி அடிக்கத்தான் விடுவார்கள்.