பொதுச் சுவர்த் தகராறுகள்

பொதுச் சுவர் என்பது அடுத்தடுத்த இரண்டு மனைகளின் எல்லையில் நின்று இரு வீட்டாருக்கும் பயன்படும் சுவர் ஆகும். அக்கிரகாரத் தெருக்கள் போன்று வீடுகளை ஒட்டி ஒட்டிக் கட்டிய பழைய பகுதிகளில் இத்தகைய சுவர்களைக் காணலாம். ஒரே வீடு பாகப்பிரிவினையில் இரண்டாகும்போதும் நடுச்சுவர் பொதுச் சுவராகலாம். ஒருவர் மாடி எழுப்பவோ, பழைய சுவரை இடித்துக் கட்டவோ முற்படும்போதுதான் பெரும்பாலும் தகராறு எழுகிறது.

இங்கிலாந்திலும் வேல்சிலும் இதற்கென 1996ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று உள்ளது. இந்தியாவில் இதற்கெனத் தனியான மத்தியச் சட்டம் இல்லை. பொதுவான சொத்துச் சட்டங்களையும் முன்தீர்ப்புகளையும் கொண்டே நீதிமன்றங்கள் முடிவு செய்கின்றன.

வகைகள்

1880ஆம் ஆண்டு, இங்கிலாந்தின் வாட்சன் எதிர் கிரே வழக்கில் நீதிபதி ஃபிரை, பொதுச் சுவர் என்ற சொல்லுக்கு நான்கு பொருள்களைக் கூறினார்.

1. சுவர் முழுவதும் இருவருக்கும் கூட்டாகச் சொந்தம்.
2. சுவர் நீளவாக்கில் பிரிந்து, அவரவர் பக்கத்துப் பாதி அவரவருக்குச் சொந்தம்.
3. சுவர் ஒருவருக்கே சொந்தம். ஆனால் அது பிரிக்கும் சுவராக நீடிக்க வேண்டும் என்ற உரிமை மற்றவருக்கு உண்டு.
4. பாதிப் பாதியாகச் சொந்தம். ஒவ்வொரு பாதியின் மீதும் மற்றவருக்கு அத்தகைய உரிமை உண்டு.

தகராறுக்கு உள்ளான சுவர் இவற்றில் எந்த வகை என்பதைப் பொறுத்தே தீர்ப்பு அமையும்.

உயர்த்திக் கட்டுதல்

"யாருக்கும் இடைஞ்சல் இல்லையே" என்று கருதிச் சுவரை உயர்த்துவது பரவலான தவறு. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் சென்னை உயர் நீதிமன்றத்தின் முன் வந்த கனகய்யா எதிர் நரசிம்முலு வழக்கில், கூட்டுச் சுவரை ஒருவர் தம் வீட்டுக் கட்டுமானத்திற்காக உயர்த்தினார். மற்றவருக்கு அதனால் இடையூறு ஏதும் இல்லை. ஆயினும், புதிதாகக் கட்டிய பகுதியை அகற்றக் கோரும் உரிமை அவருக்கு உண்டு என நீதிமன்றம் கூறியது. எனவே கூட்டுச் சுவரில் கை வைக்கும் முன் மற்றவரின் சம்மதத்தை எழுத்தில் பெறுவதே பாதுகாப்பு. உள்ளாட்சி அமைப்பு தரும் வரைபட அனுமதி சுவரின் உரிமையைத் தீர்மானிப்பதில்லை.

சான்றுகள்

கிரயப் பத்திரம், பாகப்பிரிவினைப் பத்திரம் ஆகியவற்றின் செக்குபந்தி, அதாவது நான்கெல்லை விவரம், முதன்மையானது. நில அளவைப் பதிவேடுகளும் சுவரில் உத்திரங்கள் பதிந்துள்ள விதமும் துணைநிற்கும். சுவர் அடுத்தவருக்கே சொந்தமானாலும், அதன் மீது உத்திரம் தாங்கும் பயனை உரிமையாகவே, வெளிப்படையாக, தடையின்றி 20 ஆண்டுகள் அனுபவித்தவர், 1882ஆம் ஆண்டு வசதியுரிமைச் சட்டப்படி அவ்வுரிமையைக் கோரலாம்.

தீர்வு வழிகள்

உரிமையியல் நீதிமன்றத்தில் வேலையைத் தடுக்க உறுத்துக் கட்டளையும், கட்டியதை அகற்றச் செயலுறுத்துக் கட்டளையும் கோரலாம். நீதிமன்றம் நியமிக்கும் வழக்குரைஞர் ஆணையர் இடத்தைப் பார்வையிட்டு, தேவையெனில் நில அளவர் உதவியுடன் அளந்து அறிக்கை தருவார். கட்டி முடியும் வரை பேசாமல் இருந்தவருக்கு நிவாரணம் மறுக்கப்படலாம். ஆகவே காலத்தாழ்வு கூடாது.

நிலுவையிலுள்ள வழக்கை மக்கள் நீதிமன்றத்தில் சமரசமாகவும் முடித்துக்கொள்ளலாம். அதன் தீர்வு உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்கு இணையானது. அதற்கு மேல்முறையீடு இல்லை. செலுத்திய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். வழக்கு முடிந்த பின்பும் இரு குடும்பங்களும் அதே சுவரின் இரு புறமும் வாழ வேண்டியிருப்பதால், சமரசமே பெரும்பாலும் நிலையான தீர்வாகிறது.